செஞ்ஞோராவின் ஒட்டு

"செத்துப்போன ஒருத்தனை நான் ஒரு முழுப் படத்திலை நடிக்க வைச்சனான்."

அவர் எனக்குச் சொன்ன முதல் வசனம் அது. இருக்கைகளுக்கு நடுவே குனிந்து சோளப்பொரியைக் கூட்டிக்கொண்டே சொன்னார். நாங்கள் அறிமுகமாகி அரை மணித்தியாலம்கூட ஆகியிருக்கவில்லை. நான் தும்புத்தடியை நிறுத்திவிட்டு நிமிர்ந்தேன். துப்புரவு வேலைக்குப் புதிதாக வருகிறவர்கள் முதலில் நாட்டின் பெயரைச் சொல்வார்கள், பிறகு விசா, பிறகு முதுகு நோவு. செத்தவனை நடிக்க வைத்த கதையோடு ஒருவரும் வந்ததில்லை.

அது பேர்லினில், நொய்கெல்ன் பகுதியில் ஒரு திரையரங்கு. முதல் காட்சிக்கு முன் நாலைந்து பேர் சேர்ந்து அரங்குகளைத் துப்புரவாக்க வேண்டும். நான் ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். மன்னாரிலிருந்து புறப்பட்டு, பல நாடுகளில் கோப்பை கழுவி, இறைச்சி வெட்டி, தோட்டங்களில் வெங்காயம் பிடுங்கி, அங்கே வந்து சேர்ந்திருந்தேன். அவர் மெக்சிக்கோக்காரர். எழுபதை நெருங்கிய, குட்டையான பெண். வேலைக்கு வரும்போதும் கடும் சிவப்பில் உதட்டுச்சாயம் பூசியிருப்பார். டொச், அதாவது ஜேர்மன் மொழி, அவருக்கும் எனக்கும் ஒரே அளவுக்கு முடம் என்பதால் நாங்கள் கதைப்பது எங்களுக்கு நன்றாக விளங்கியது. அவர் சொன்னதெல்லாம் இன்று எனக்கு என் ஊர்த் தமிழில்தான் ஞாபகத்தில் இருக்கிறது. அப்படியே எழுதுகிறேன். பெயரை எழுதப்போவதில்லை. செஞ்ஞோரா என்றுதான் எல்லோரும் கூப்பிட்டோம். அவர்களின் ஸ்பானிய மொழியில் ஒரு பெண்ணை மரியாதையாக அழைக்கும் சொல் அது.

"நீங்கள் டைரக்டரோ?" என்று கேட்டேன்.

"சீ! டைரக்டர்மார் எடுத்துப்போட்டுக் குடிக்கப் போயிடுவினம். நான் எடிட்டர். வெட்டி ஒட்டுறவள்."

இளம் வயதிலேயே மெக்சிக்கோ நகரத்தில் ஒரு ஸ்ரூடியோவின் வெட்டுமேசைக்கு முன்னால் உட்கார்ந்தவர். முகமூடி போட்ட மல்யுத்தக்காரர்கள் பேய்களோடு சண்டை பிடிக்கும் படங்கள், குதிரையில் வந்து பாட்டுப் பாடும் படங்கள், பிற்காலத்தில் லொறிக்காரரும் கடத்தல்காரரும் ஆளை ஆள் சுட்டுத்தள்ளும் படங்கள். விருது வாங்கும் படம் ஒன்றைக்கூடத் தொட்டதில்லை. "எங்கடை படத்துக்குச் சனம் குழந்தை குட்டியோடை, சாப்பாட்டுப் பெட்டியோடை வரும். பால்குடியள் கத்திற சத்தத்துக்கு மேலாலை கதை விளங்கோணும். அப்பிடி வெட்டோணும்" என்றார்.

செத்தவன் ஒரு பாட்டுக்கார நாயகன். படம் பாதியில் நிற்கும்போது கார் உருண்டு போய்ச் சேர்ந்துவிட்டான்.

"முகமூடிக்காரன் செத்திருந்தால் ஒரு கரைச்சலும் இல்லை. துணியை இன்னொருத்தன்ரை தலையிலை மாட்டினால் சரி. இவன் முகத்தைக் காட்டி உழைக்கிறவன்."

அவனுடைய பழைய படங்களில் வெட்டி எறிந்த துண்டுகளையெல்லாம் கொண்டுவரச் சொன்னாராம். ஒன்றிலிருந்து ஒரு பார்வை, இன்னொன்றிலிருந்து ஒரு சிரிப்பு, முதுகு மட்டும் தெரியும் இடங்களுக்கு அவனுடைய மச்சான். நாயகி கதவைத் திறக்கிறாள்; வெட்டு; அவன் மெல்ல நிமிர்ந்து, கண் கலங்கிப் பார்க்கிறான். அந்தப் பார்வை பழைய படமொன்றில் அவன் ஒரு நொண்டிக் குதிரையைப் பார்த்தது. நாயகி அந்தக் காட்சியில் வெறும் சுவரைப் பார்த்து நடித்தவள். சனம் விம்மி விம்மி அழுததாம். முதல் காட்சிக்கு அவனுடைய தாயும் வந்திருந்தாளாம். நடுவில் எழுந்து, திரைக்குக் கிட்டப் போய், அதைக் கையால் தடவினாளாம்.

"பிறகு?"

"பிறகென்ன. அவவின்ரை நிழல் விழுந்து படம் மறைஞ்சுபோச்சு. பின்னாலை இருந்த சனம் கத்தி, அவவை இருத்திப்போட்டினம்."

பொரி நிறைந்த பையை முடிச்சுப் போட்டுக்கொண்டு அவர் அடுத்த வரிசைக்குப் போய்விட்டார். நான் கண்ட சாவுகளில் எதுவும் இப்படி இருந்ததில்லை.

ஒரு இடம் வெறுமையாகக் கிடப்பதை அவரால் பார்த்துக்கொண்டிருக்க ஏலாது. கைக்கு எட்டியதை எங்கிருந்தாவது எடுத்து அங்கே வைத்துவிடுவார். அது யாருடையது, எதற்காக எடுத்தது என்ற கேள்வி அவரிடம் இருக்கவில்லை. மல்யுத்தப் படமொன்றுக்காக ஒரு பகல் கூட்டத்தைப் படம் பிடித்தபோது, ஒரு பெண் தலையில் கைவைத்து வீரிட்டாளாம். அந்த வீரிடலை அவர் படத்துக்குப் படம் ஒட்டினார். "பாவம், ஒரு பகல் வந்து கத்திப்போட்டுப் போனவள். அவளுக்குப் பேரப்பிள்ளையள் பிறந்த பிறகும் என்ரை படங்களிலை குமரியாய் நிண்டு கத்தினவள்."

எங்களோடு ஒரு துருக்கிக்காரர் வேலை செய்தார். அடிக்கடி வராமல் விடுவார். இன்னொருமுறை வராவிட்டால் வேலை போகும் என்று மேற்பார்வையாளர் எச்சரித்திருந்தார். ஒரு காலை துருக்கிக்காரரின் பிள்ளைக்குக் காய்ச்சல். அவர் வரவில்லை. பார்த்தால் மேற்பார்வையாளர் வாசலில் நிற்கிறார். செஞ்ஞோரா அவசரப்படவில்லை. துருக்கிக்காரரின் பழைய மேலங்கியைக் கொண்டுபோய் மூன்றாம் அரங்கின் முன்வரிசையில் தொங்கவிட்டார். பக்கத்தில் நனைந்த துடைப்பத்தைச் சாத்தினார். ஆண்கள் கழிப்பறையில் குழாயைத் திறந்துவிட்டு வந்தார். பிறகு, மேற்பார்வையாளர் தாழ்வாரத்தில் நடந்து வரும்போது, வாளி வண்டியை மறுபக்கக் கதவால் ஒரு தள்ளு. அது கடகடவென்று எங்கோ ஓடி நின்றது.

"எங்கை அவர்?" என்று மேற்பார்வையாளர் கேட்டார்.

"இப்பதானே உங்களைத் தாண்டிப் போனார்" என்றார் செஞ்ஞோரா.

"ஓம் ஓம், கண்டனான்" என்று சொல்லிவிட்டு அந்த மனிதர் போனார்.

நான் வாயைப் பிளந்துகொண்டு நின்றேன். செஞ்ஞோரா என் கன்னத்தில் தட்டினார். "பார்த்தியே? நான் ஒண்டையும் காட்டேல்லை. அவர் தானாய்க் கண்டவர். ஆக்கள் அப்பிடித்தான். இரண்டு துண்டைப் பக்கத்திலை பக்கத்திலை வைச்சால், நடுவிலை இருக்கிறதைத் தாங்களே செய்துகொள்ளுவினம்."

நான் சிரித்தேன். அடுத்த முறை அவர் எடுத்தது என்னுடைய துண்டு. அப்போது எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஆண்டு முடிவில் கொம்பனி எங்களுக்கு ஒரு சாப்பாடு தந்தது. மேசையில் ஒரு ஜேர்மன் பெண் செஞ்ஞோராவிடம் எப்படி இந்த நாட்டுக்கு வந்தீர்கள் என்று மரியாதைக்குக் கேட்டாள். செஞ்ஞோரா ஒரு ஜேர்மனியனைக் கட்டிய தன் மகளிடம், விசாவோடு, விமானத்தில் சொகுசாக வந்தவர். அது எனக்குத் தெரியும். அவர் கரண்டியை வைத்துவிட்டுச் சொல்லத் தொடங்கினார். வெங்காய லொறி ஒன்று. மூடைகளுக்கு அடியில் ஒரு குழி. எல்லையில் நாய்கள் சுற்றுகின்றன. வெங்காய மணத்தால் நாய்களுக்குப் பிடிபடவில்லை. பக்கத்தில் படுத்திருந்தவர் இருமல் வராமலிருக்க வாயில் துணியை அடைத்துக்கொண்டு கிடந்தார்.

அது என் கதை. வாயில் துணி அடைத்துக்கொண்டு கிடந்தவர் என் கூட்டாளி. ஒரு நாள் நடைபாதையில் நின்று சிகரெட் பிடிக்கும்போது அவருக்கு மட்டும் நான் சொன்னது. ஜேர்மன் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். நான் முள்ளுக்கரண்டியைக் கீழே வைத்தேன்.

வெளியே வந்ததும் மறித்தேன். "அது என்ரை கதை."

"ஓம். உன்னட்டை சும்மா கிடந்தது. நீ ஒருத்தருக்கும் சொல்லுறேல்லை."

"உங்கடையைச் சொல்லுறதுதானே?"

"என்ரை கதை பிளேனிலை ஏறி இறங்கிறது. அதை ஆர் கேட்பினம்?"

"அதுசரி, அந்தக் கோழி எங்காலை வந்தது? அந்த லொறியிலை கோழி இருக்கேல்லை."

கதையில் ஒரு மூடைக்குள்ளிருந்து ஒரு கோழி கொக்கரிக்கும். காவலாளி அதைக் கண்டு சிரித்துவிட்டு லொறியைப் போகவிடுவான். செஞ்ஞோரா என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்.

"இல்லாமல் என்னண்டு விட்டவன்? ஒரு காரணம் வேணும்தானே. அங்கை ஒரு ஓட்டை கிடந்தது."

உண்மையில் எங்களை ஏன் விட்டார்கள் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. ஆனால் இப்போது அந்த லொறியை நினைத்தால் எனக்கும் ஒரு கோழிச் சத்தம் கேட்கிறது. இதை எழுதும்போதும் கேட்கிறது. அதை எப்படி வெளியே எடுப்பது என்று தெரியவில்லை.

அந்த நாட்களில் நான் ஓர் அக்காவின் வீட்டில் ஓர் அறையில் வாடகைக்கு இருந்தேன். அவரும் மன்னார்ப் பக்கம்தான்; வேதக்காரக் குடும்பம், கத்தோலிக்கர். சண்டையின் கடைசி நாளில், பெயர் பதியவேண்டும் என்று இராணுவம் ஆண்களைத் தனியாகக் கூப்பிட்டபோது அவருடைய கணவர் எழுந்து போனார். திரும்பி வரவில்லை. அக்கா மகளையும் கூட்டிக்கொண்டு, இங்கே இருந்த தன் தம்பியிடம் வந்து சேர்ந்தார். நான் அக்காவின் கணவரைக் கண்டதில்லை. உறவுமுறைக்கு அத்தான் என்பேன். அவரைப் பற்றி யாராவது 'இருந்தவர்' என்று சொன்னால் அக்கா அந்த இடத்திலேயே திருத்துவார்: "இருக்கிறவர்."

சமையலறையில் அக்கா கதைக்கும் சத்தம் கேட்கும். முதலில் போனில் கதைக்கிறார் என்று நினைத்தேன். அடுப்படியில் தனியே நின்று, "என்னப்பா, இண்டைக்கும் பாணோ எண்டு கேக்கிறியள். இவன் தம்பியும் வேலையாலை வரட்டும், புட்டு அவிக்கிறன்" என்பார். என்னைக் கண்டாலும் வெட்கப்படமாட்டார். "அவரின்ரை குரல் இந்தக் காதுக்குள்ளையே கிடக்கு, தம்பி. நல்ல கனத்த குரல். கேட்டால் பதில் சொல்லுறார். செத்தவன் பதில் சொல்லுவானோ?"

அதுதான் அவரிடம் இருந்த ஒரே சாட்சி. ஒரு அலுவலகமும் ஒரு பதிலும் கொடுக்கவில்லை. உறவுக்காரர்கள் சாடைமாடையாக, செத்தவர்களுக்கான பூசை ஒன்று ஒப்புக்கொடுத்தால் என்ன என்று கேட்பார்கள். அக்கா காதைத் தொட்டுக் காட்டுவார்.

கார்த்திகை மாதத்து மரித்தோர் நாளன்று செஞ்ஞோரா என்னைத் தேடி அங்கே வந்தார். கையில் மெழுகுதிரியும் மஞ்சள் பூக்களும். அவர்கள் நாட்டில் அன்று வீட்டில் பீடம் கட்டி, செத்தவர்களின் படங்களை வைத்து, பிடித்த சாப்பாட்டைப் படைப்பார்களாம். தன் வீட்டில் பீடம் கட்டியிருப்பதாகவும், என் ஆட்களின் படம் ஏதும் இருந்தால் வைக்கலாம் என்றும் சொன்னார். பேசிக்கொண்டே சுவரிலிருந்த அத்தானின் படத்தைக் கழற்றிவிட்டார்.

அக்கா பாய்ந்து வந்து பறித்தார். "அவர் செத்தவரோ? ஆர் உனக்குச் சொன்னது? சொல்லு தம்பி அவவுக்கு, டொச்சிலை சொல்லு!"

நான் சொன்னேன். செஞ்ஞோரா படத்தையும் அக்காவையும் மாறி மாறிப் பார்த்தார். "செத்தால் என்ன, எங்கடை வீட்டிலை செத்தவையும் சாப்பிட வருவினமே" என்றார், சமாதானமாக.

"இவர் காலாலை நடந்து வருவார் எண்டு சொல்லு."

"நடந்து வருவாரோ" என்று செஞ்ஞோரா தனக்குள் சொல்லிக்கொண்டார். ஒரு வேலையை ஒப்புக்கொள்கிறவரைப் போல இருந்தது அவருடைய முகம். அப்போது எனக்கு அது உறைக்கவில்லை.

சண்டையில் தொடங்கினாலும் அவர்கள் இருவரும் நல்ல சிநேகிதிகளானார்கள். செஞ்ஞோரா வந்தால் இருவரும் செபமாலை சொல்வார்கள். ஒருவர் தமிழில், மற்றவர் ஸ்பானிய மொழியில். மணிகள் ஒன்றாகவே நகரும். கதைப்பதற்கு மட்டும் நான் வேண்டும்.

அடுத்த கோடையில் அக்காவின் மகளின் கலியாணம் நடந்தது. மாப்பிள்ளை இங்கே ஹம் என்ற நகரத்தில் வளர்ந்த பெடியன். "அவரும் ஓம் எண்டு சொல்லிப்போட்டார்" என்று அக்கா என்னிடம் சொன்னார். தேவாலயத்தில் பிள்ளையைக் கையில் பிடித்து நடத்திக்கொண்டு போனது தாய்மாமன், அக்காவின் தம்பி. நான் தேவாலயத்திலும் இருந்தேன், பிறகு மண்டபத்தில் கதிரையும் அடுக்கினேன். படம் பிடித்தவர், வெட்டித் தருவதற்கு மாதக்கணக்காகும் என்றார். அக்கா பதிந்ததை எல்லாம் அப்படியே வாங்கிச் செஞ்ஞோராவிடம் கொடுத்தார்.

"சினிமாவே வெட்டினவ, இதை வெட்டமாட்டாவோ?"

இன்னொன்றையும் கொடுத்தார். சமாதான காலத்தில் வன்னியில், மகள் சின்னப்பிள்ளையாகத் தேவாலயத்தில் முதல்நன்மை வாங்கியபோது எடுத்த வீடியோ. அப்போது பேர்லினில் இருந்த தம்பிக்குத் தபாலில் அனுப்பிய கசெட். அதனால்தான் தப்பியிருந்தது. அதைப் போட்டுப் பார்க்கும் பெட்டி இங்கே எவரிடமும் இல்லாமல் தம்பியின் அலுமாரிக்குள் கிடந்தது. கலியாண வீடியோவின் தொடக்கத்தில் பெண்ணின் சின்ன வயதுக் காட்சி கொஞ்சம் வரவேண்டுமல்லவா, எங்கள் ஆட்களின் எல்லா வீடியோக்களிலும் வருவதுபோல. அதற்காகத்தான் கொடுத்தார். செஞ்ஞோராவின் மகள் அதைக் கணினிக்கு மாற்றிக் கொடுத்தாள்.

ஒருமுறை நான் போனபோது செஞ்ஞோரா சமையலறை மேசையில், மூக்குக்கண்ணாடிக்கு மேல் இன்னொரு கண்ணாடி போட்டுக்கொண்டு கணினியோடு இருந்தார். சத்தத்தை முழுக்க நிறுத்தியிருந்தார்.

"உங்கடை பாஷை எனக்கு விளங்காது. அப்ப சத்தம் எதுக்கு? கண் எங்கை பார்க்குது எண்டது மட்டும் காணும்."

ஒரு ஞாயிறு பின்னேரம் எல்லோரும் அக்கா வீட்டில் கூடினோம். ஹம்மிலிருந்து மாப்பிள்ளை வீட்டார் ரயிலில் வந்திருந்தார்கள். ரோல்ஸ், பால்தேத்தண்ணி, சிரிப்பு. செஞ்ஞோரா உதட்டுச்சாயத்தோடு முன்வரிசையில் இருந்தார்.

படம் தொடங்கியது. தேவாலய வாசலில் மணப்பெண் நிற்கிறாள். முக்காட்டைச் சரிசெய்கிறாள். ஓர் அடி எடுத்துவைத்து நிமிர்ந்து யாரையோ தேடுகிறாள். வெட்டு. வாங்குப் பலகையில் இருந்த ஒரு மனிதர் மெல்லத் திரும்பிப் பார்க்கிறார். வெள்ளைச் சேட்டு. கண் கலங்கியிருக்கிறது. அதை மறைக்கச் சிரிக்கிறார். வெட்டு. மணப்பெண்ணும் சிரிக்கிறாள்.

நான் சுவரிலிருந்த அத்தானின் படத்தை நிமிர்ந்து பார்த்தேன்.

"என்ன சம்பந்தி," என்றார் மாப்பிள்ளையின் தாய், உண்மையான சந்தோசத்தோடு, "இவர் எப்ப வந்தவர்? எங்களுக்கு ஒருத்தரும் காட்டேல்லையே!"

அவர் எங்கள் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார். அந்தப் பெண்மணிக்கு மெல்ல விளங்கியது. "யேசுவே!" என்று வாயைப் பொத்திக்கொண்டார். மகள் எழுந்து நின்றாள். "அப்பா" என்றாள். ஏழு எட்டு வயதுப் பிள்ளையின் குரலில் சொன்னாள்.

படம் ஓடிக்கொண்டிருந்தது. பெண் நடந்து வர வர அத்தானின் கண்கள் அவளைத் தொடர்ந்தன. பக்கத்தில் மாமன் நடந்ததை எங்கும் காணவில்லை. ஒரு கைமுட்டி மட்டும் இரண்டொரு இடத்தில் தெரிந்தது. பீடத்தருகில் அக்கா திரும்புகிறார். அத்தான் அக்காவைப் பார்க்கிறார். அக்கா கண்ணைத் துடைக்கிறார். அப்போதுதான் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. அத்தானுக்கு ஒரு நரைமயிர் இல்லை. அக்கா அவருடைய தாயைப்போல இருந்தார்.

நான் அந்தக் கலியாணத்தில் இருந்தவன். அந்த வாங்கின் ஓரத்தில் யார் இருந்தது என்று ஞாபகப்படுத்திப் பார்த்தேன். வெள்ளைச் சேட்டோடு ஒருவர் திரும்பிப் பார்த்தது எனக்கு ஞாபகம் வந்தது.

மாப்பிள்ளை வீட்டார் அடுத்த ரயிலுக்கு நேரமாகிறது என்று எழுந்தார்கள். அக்காவின் தம்பி கத்தினார்: "ஆரைக் கேட்டு இந்த வேலை பார்த்தவ? என்னைத் தூக்கிப்போட்டு... இது விளையாட்டோ?" மகள் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். நான் செஞ்ஞோராவைப் படிக்கட்டுக்கு இழுத்துக்கொண்டு வந்தேன்.

"என்ன செய்து வைச்சிருக்கிறியள்?"

அவருக்கு உண்மையாகவே விளங்கவில்லை. ஒருவரும் கைதட்டவில்லையே என்ற வருத்தம் மட்டும் முகத்தில் இருந்தது. "படத்தைப் பீடத்திலை வைக்கக் கூடாது எண்டனீங்கள். உயிரோடை நடந்து வருவார் எண்டனீங்கள். வந்தார். ஒட்டு எங்கையாவது தெரிஞ்சுதோ?"

"தெரியேல்லை."

"அப்ப?"

அந்த மனிசியை அப்படியே விட்டுவிட்டு ஓடவேண்டும் போலிருந்தது. மேலே வந்தேன். எல்லோரும் போய்விட்டார்கள். அக்கா மட்டும் தொலைக்காட்சிக்கு முன்னால் நிலத்தில் இருந்தார். அழவில்லை.

"தம்பி, அவ போயிட்டாவோ? கூப்பிடு. கேக் வெட்டேக்கை அவரைக் காணேல்லை. அங்கையும் போடச் சொல்லு."

அதற்குப் பிறகு அக்கா பின்னேரங்களில் செஞ்ஞோராவின் சமையலறைக்குப் போகத் தொடங்கினார். மொழிபெயர்க்க நானும் போனேன். முதல்நன்மை கசெட்டிலிருந்து ஒவ்வொரு துண்டாக அத்தான் கலியாணத்துக்குள் வந்தார். கேக் மேசைக்குப் பின்னால் நின்றார். சாப்பாட்டுப் பந்தியில் யாருக்கோ தண்ணீர் ஊற்றினார். வாசலில் கைகூப்பினார். அக்கா ஒவ்வொரு முறையும், "இன்னும்?" என்பார். அக்காவின் மகள் எனக்குப் போன் எடுத்து அழுதாள்: "அண்ணை, அம்மாவுக்குச் சொல்லுங்கோ, காணும் எண்டு." நான் சொன்னேன். அக்காவுக்கு அது காதில் ஏறவில்லை. பிறக்கப்போகும் பேரப்பிள்ளையின் ஞானஸ்நானத்துக்கும் அத்தான் வேண்டும் என்று அதற்குள் கேட்டிருந்தார்.

ஒரு நாள் செஞ்ஞோரா கண்ணாடிகளைக் கழற்றி மேசையில் வைத்தார்.

"முடிஞ்சுது எண்டு சொல்லு. இனி அவரிட்டை ஒண்டும் இல்லை. இருந்ததெல்லாம் எடுத்தாச்சு."

நான் சொன்னேன். அக்கா நம்பவில்லை. "வடிவாய்ப் பார்க்கச் சொல்லு. பெரிய கசெட்."

"கடைசியிலை ஒரு துண்டு கிடக்கு" என்றார் செஞ்ஞோரா. "அதைப் பாவிக்க ஏலாது. நேரே கமெராவைப் பார்க்கிறார். கமெராவைப் பார்த்தால் படம் உடைஞ்சு போயிடும்."

"காட்டச் சொல்லு" என்றார் அக்கா.

கசெட் முழுக்க ஆட்களின் சத்தத்தை எடுத்துவிட்டுப் பாட்டுப் போட்டிருந்தார்கள். இந்தக் கடைசித் துண்டுக்கு மட்டும், ஊரில் வெட்டியவன், பாட்டுப் போட மறந்திருக்கவேண்டும். அத்தான் பந்தலுக்கு வெளியே நின்று நேரே எங்களைப் பார்த்தார். உதடு அசைந்தது.

"ஏதோ சொல்லுறார். சத்தத்தைப் போடச் சொல்லு, தம்பி."

செஞ்ஞோரா போட்டார். காகம், பிள்ளைகளின் சத்தம், பாத்திரச் சத்தம். அவற்றுக்கு நடுவில் ஒரு குரல், மெல்லியதாக, கொஞ்சம் மூக்கால்: "தம்பி, சாப்பிட்டிட்டு வந்து படம் எடும். நாங்கள் எங்கை ஓடிப்போகப் போறம்?"

அக்கா திரையைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார்.

"இது ஆர் கதைக்கிறது?"

"அத்தான்தானே, அக்கா."

"இல்லை. அவருக்குக் கனத்த குரல். இது வேறை ஆரோ. பக்கத்திலை நிண்ட ஆரோ."

செஞ்ஞோராவிடம் சொன்னேன். அவர் கண்ணாடிகளைத் திரும்பப் போட்டுக்கொண்டு, அந்தத் துண்டை மெதுவாக ஓடவிட்டு, திரையில் மூக்கு முட்டக் குனிந்து, அந்த உதடுகளை மட்டும் பார்த்தார். பிறகு நிமிர்ந்தார்.

"பொருந்துது. வாயும் சத்தமும் ஒரே ஆள்தான். இதை நான் தொடவே இல்லை. இதிலை ஒட்டு இல்லை எண்டு சொல்லு."

நான் அதை அப்படியே தமிழில் சொன்னேன்.

அக்கா திரும்பப் போடச் சொன்னார். கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். அந்த மெல்லிய குரல், சாப்பிட்டுவிட்டு வரச்சொல்லி இன்னொரு முறை சொன்னது. அக்காவின் கை மெல்ல மேலே போய்த் தன் காதைப் பொத்தியது. உள்ளே வேறொன்று கேட்கிறதா என்று பார்க்கிறவரைப்போல அப்படியே இருந்தார்.

"அப்ப, தம்பி," என்றார், "இவ்வளவு காலமும் என்னோடை கதைச்சது ஆர்?"

செஞ்ஞோரா என் தோளைத் தட்டி, அக்கா என்ன சொல்கிறார் என்று கேட்டார். நான் டொச்சில் சொன்னேன். அவர் கணினியின் விசைகளிலிருந்து இரண்டு கைகளையும் எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.